முதல் ஐம்பது மீற்றர்

லா மந்தியா ரீச்சர் நல்ல மனுசி. அதுதான் அகஸ்ரீனாவுக்குக் கரைச்சலாக இருந்தது. கூடாத மனுசி என்றால் எதிர்த்துப் பேசுவது சுகம். இவரோ கதிரையை இழுத்துப் போட்டு, தண்ணீர் வேண்டுமா என்று கேட்டு, அகஸ்ரீனாவின் கையைத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் பொத்தி வைத்துக்கொண்டுதான் பேச்சைத் தொடங்கினார்.

2009ஆம் ஆண்டு மார்ச் மாதம் அது. இத்தாலியில் பலெர்மோ நகரின் அல்பெர்கேரியாப் பகுதியில், ஒடுங்கிய சந்து ஒன்றுக்குள் இருந்த அந்த நடுநிலைப் பள்ளிக்கூடத்தில் அகஸ்ரீனாவின் மகள் மொனிகா கடைசி வகுப்பில் படித்தாள். ஜூனில் சோதனை. எழுத்துச் சோதனை முடிந்தபின் ஒவ்வொரு பிள்ளையும் ஆசிரியர்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கும் மேசைக்கு முன்னால் போய், தான் தேர்ந்தெடுத்த ஒரு விடயத்தைப் பற்றி வாயால் பேச வேண்டும். அதற்குப் பெயர் தெசீனா. அந்தத் தெசீனா விடயமாகத்தான் ரீச்சர் தாயைக் கூப்பிட்டிருந்தார்.

"சிஞ்ஞோரா, நான் அவளை ஸ்ரீலங்காவைப் பற்றிப் பேசச் சொன்னேன். இந்த வருடம் அதைவிடப் பொருத்தமான விடயம் வேறு உண்டா? போர், சுனாமி, அகதிகள், உங்கள் குடும்பம்... அவள் பேசினால் மேசையில் இருக்கும் அத்தனை பேரும் கண் கலங்கிவிடுவார்கள். பத்துக்கு ஒன்பது நிச்சயம். பத்துக்கூடக் கிடைக்கலாம்."

"அவள் என்ன சொன்னாள்?"

ரீச்சர் பெருமூச்சு விட்டார். "கொஸ்தா ரிக்கா என்றாள். கொஸ்தா ரிக்காவின் பசிபிக் கரை, அங்கே இருக்கிற கடற்கரை ஊர்கள். ஏன் என்று கேட்டால் தோளைக் குலுக்குகிறாள். கடைசியில் வகுப்பு முழுவதற்கும் முன்னால் என்னைப் பார்த்து, 'நான் ஸ்ரீலங்காவுக்குப் போனதே இல்லை, நீங்கள் போயிருக்கிறீர்களா?' என்று கேட்டாள்."

அகஸ்ரீனாவுக்கு முகம் சுட்டது. மன்னிப்புக் கேட்டாள். பிள்ளையோடு கதைப்பதாகச் சொல்லிவிட்டு வெளியே வந்தவள், லிபெர்த்தா வீதியில் தான் பராமரிக்கும் கிழட்டுச் சிஞ்ஞோராவின் வீட்டுக்கு விறுவிறென்று நடந்தாள். நடக்க நடக்க, வெட்கம் கோபமாக மாறியது. கொஸ்தா ரிக்கா! அது உலகத்தின் எந்த மூலையில் இருக்கிறது என்றுகூட அவளுக்குத் தெரியாது.

அவளுடைய ஊர் மன்னார்ப் பெருநிலத்தில் விடத்தல்தீவு. அங்கிருந்து இத்தாலிக்கு வந்து பதினைந்து வருடம். தங்கச்சி எமிலியானா மட்டும் ஊரோடு நின்றுவிட்டாள். போன வருடம் ஆமி ஊரைப் பிடித்தபோது எமிலியானா, புருசன் விமலராஜ், அவர்களுடைய சின்னப் பெட்டை மூவரும் சனத்தோடு சனமாக வன்னிக்குள் போனார்கள். தை மாதத்துக்குப் பிறகு ஒரு செய்தியும் இல்லை. அகஸ்ரீனா சிஞ்ஞோராவின் கட்டில் விரிப்பை மாற்றும்போதும், மீனுக்கு உப்புப் போடும்போதும், பூசையில் முழங்காலில் நிற்கும்போதும் தங்கச்சியின் பெயரையே மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்தாள். இந்த நேரத்தில் மகளுக்குக் கடற்கரை கேட்கிறது.

பல்லாரோ சந்தைக்கு மேலே, இரண்டாம் மாடியில் அவர்கள் வீடு. மொனிகா வந்து புத்தகப் பையைக் கழற்றுவதற்குள் சண்டை தொடங்கிவிட்டது.

"கொஸ்தா ரிக்காவிலை ஆரடி இருக்கினம் உனக்கு?"

"ஒருத்தரும் இல்லை. அதுதான்."

"அதுதானெண்டால்?"

"அதுதான் அம்மா. எனக்கு அதைப் பற்றிக் கதைக்க விருப்பம். பாஸ்தா, அவ்வளவுதான்."

"சித்தி இருக்கிறாவோ இல்லையோ எண்டு தெரியாமல் நான் விசரியாய்த் திரியிறன். நீ சொகுசுக் கடற்கரையைப் பற்றிக் கதைக்கப் போறியோ? ரீச்சர் உன்ரை நன்மைக்குத்தானே சொல்லுறா?"

"ரீச்சருக்கு நான் கதைக்கிறது வேண்டாம்," என்றாள் மொனிகா. அவளுக்குப் பதின்மூன்று வயது. தமிழைப் பலெர்மோப் பிள்ளைகளின் இழுவையோடு பேசுவாள். "நான் அழுறதுதான் வேணும். ரொமேனியாப் பெடியன் ரொமேனியாவைச் சொல்லவேணும். கானாப் பெட்டை கானாவைச் சொல்லவேணும். கியாரா மட்டும் யப்பானைப் பற்றிக் கதைக்கலாம். ஏன், கியாரா யப்பானிலையோ பிறந்தவள்? நானும் கியாராவும் ஒரே ஆசுப்பத்திரியிலைதானே பிறந்தனாங்கள்!"

"வாய் காட்டாதை."

"சித்தியின்ரை கதை எனக்கு மார்க்ஸ் எடுக்கிற கதையோ?"

அகஸ்ரீனா அடித்துவிட்டாள். கன்னத்தில் பட்ட அந்தச் சத்தம் அவளுக்கே பயமாக இருந்தது. மொனிகா அழவில்லை. தாயை ஒருமுறை நேராகப் பார்த்தாள். பிறகு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

புருசன் வலன்ரைனுக்குப் பொலிதேயாமாச் சதுக்கத்துப் பக்கம் ஒரு உணவகத்தில் சமையல் வேலை. அடுத்தநாள் காலையில் கோப்பி போட்டுக்கொண்டே மெதுவாகச் சொன்னார்: "உமக்கு அவளிலை கோவமோ, இல்லாட்டில் ஆமியிலை கோவமோ? யோசிச்சுப் பாரும்."

"நீங்கள் அவளுக்குச் செல்லம் குடுத்துக் கெடுத்துப் போட்டியள்," என்றாள் அகஸ்ரீனா.

அதற்குப் பிறகு தாயும் மகளும் தேவைக்கு மட்டும் பேசினார்கள். சாப்பிட வா. ஓம். லைற்றை நிப்பாட்டு. ஓம். மொனிகா பள்ளிக்கூடம் விட்டதும் நகர நூலகத்துக்குப் போனாள். சந்து முனையில் வங்காளி ஒருவன் நடத்தும் கடையில் கொம்பியூற்றருக்கு முன்னால் குந்தியிருந்தாள். ரீச்சரிடம் போய் விடயத்தை மாற்றுவதாகச் சொல்லவும் இல்லை.

ஏப்ரலில் பொலிதேயாமாச் சதுக்கத்தில் தமிழ்ச் சனம் கூடியது. போரை நிறுத்தச் சொல்லி அட்டைகளைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். கடைகளுக்குப் போய்வந்த இத்தாலியர் சிலர் நின்று வாசித்தார்கள். சிலர் இது என்ன நாடு என்று கேட்டுவிட்டுப் போனார்கள். மழை தொடங்கியதும் பாதிச் சனம் சதுக்கத்து நாடக மண்டபத்தின் படிகளுக்குக் கீழே ஒதுங்கியது. மொனிகா ஒதுங்கவில்லை. அவளுடைய அட்டையில் எழுத்தெல்லாம் கரைந்து நீல நீலமாக ஒழுகியது. அதை இறக்காமல் பிடித்துக்கொண்டு நின்றாள். அகஸ்ரீனா படிக்குக் கீழே நின்று அதைப் பார்த்தாள். இந்தப் பிள்ளைக்கு இதில் அக்கறை இல்லை என்று எப்படிச் சொல்வது? அப்படியென்றால் அந்தக் கொஸ்தா ரிக்கா எதற்கு? அவளுக்கு விளங்கவில்லை.

விளங்கியது ஒரு ஞாயிற்றுக்கிழமை. குசினி மேசை முழுவதையும் மொனிகா ஒரு பெரிய அட்டையால் மூடியிருந்தாள். மூலையில் குந்தி உருளைக்கிழங்கு தோல் உரித்துக்கொண்டிருந்த அகஸ்ரீனா எவ்வளவு நேரம்தான் பார்க்காமல் இருப்பாள்? அட்டையில் கடல் நீலமாக இருந்தது. கரையிலிருந்து ஒரு நிலத்துண்டு, முழங்கை மடித்தது போல, கடலுக்குள் தொங்கிக்கொண்டு நின்றது.

"உது என்ன, முடக்கின கை மாதிரி?"

மொனிகா நிமிரவில்லை. ஆனால் பதில் சொன்னாள். "நிக்கோயா. குடாநாடு. இங்காலை பசிபிக். உள்ளுக்கை இருக்கிறது குடாக்கடல்."

"மலை ஏன் மண்ணிறம்? பச்சைப் பென்சில் முடிஞ்சு போச்சோ?"

"இல்லை. அங்கை டிசெம்பரிலையிருந்து ஏப்ரல் மட்டும் மழையே இல்லை. மரமெல்லாம் இலையைக் கொட்டிப்போட்டு நிக்கும். மலை முழுக்கக் காஞ்சு பாண் கருகின மாதிரி இருக்கும். மே மாசம் முதல் மழை விழ, எல்லாம் ஒரேயடியாய்ப் பச்சையாகும்."

அகஸ்ரீனாவின் கையில் கத்தி நின்றது. காய்ந்த நிலத்தையும் முதல் மழையையும் அவளுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மெல்ல எழும்பி மேசைக்குக் கிட்ட வந்தாள். கரையோரம் முழுக்கச் சின்னச் சின்ன வட்டங்கள், ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் ஒரு பெயர்.

"இந்த ஊருக்குப் பேர் என்ன?"

"தமரிந்தோ."

"தமரிந்தோவெண்டால்... நாங்கள் கறிக்குப் போடுறதோ?"

"ஓம். புளி. ஊருக்குப் பேரே புளி. முந்தி மீன்பிடிக்கிற சின்ன ஊர். இப்ப அலையிலை பலகை ஓட்டுறவை எல்லாரும் அங்கைதான்."

அகஸ்ரீனாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "எங்கடை புளியங்குளம் மாதிரி," என்றாள். சொன்னதும் சிரிப்பு அடங்கிப் போயிற்று. புளியங்குளத்தில் இப்போது என்ன மிச்சம் இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது.

மொனிகா அதைக் கவனித்தாள் போலும். விரலை வேறொரு இடத்துக்கு நகர்த்தினாள். "இது சாமாரா. வளைஞ்ச குடா, முன்னாலை பவளப்பாறை இருக்கிறதாலை அலை குறைவு. சின்னப் பிள்ளையளும் குளிக்கலாம். இது ஒஸ்தியோனால். இந்தக் கரைக்கு ஆமையள் ஒரே நேரத்திலை ஆயிரக்கணக்கிலை ஏறி வரும், மணல் தெரியாது. இது புந்தரேனாஸ், குடாக்கடலுக்கு மற்றப் பக்கம். நீட்டு மணல் திட்டி. ரெண்டு பக்கமும் தண்ணி, நடுவிலை ஊர். முந்திக் கோப்பிக்கொட்டை எல்லாம் கப்பலேறினது இங்கையிருந்துதான்."

அகஸ்ரீனா குனிந்து அந்தக் கரையை மேலிருந்து கீழாகப் பார்த்துக்கொண்டே வந்தாள். பிறகு, ஒரு சாதாரண விடயத்தைக் கேட்பது போலக் கேட்டாள்:

"நேவிக்காரர் எங்கை நிப்பாங்கள்?"

"ஆர்?"

"கரையிலை காவலுக்கு நிக்கிறவங்கள். சென்ரி போட்டிருப்பாங்களெல்லே. கடலுக்குப் போறதெண்டால் ஆரிட்டைப் பாஸ் எடுக்கிறது?"

மொனிகா நிமிர்ந்து தாயைப் பார்த்தாள். "அங்கை ஆமி இல்லை, அம்மா."

"அந்தக் கரையிலையோ?"

"நாட்டிலையே இல்லை. நாப்பத்தெட்டாம் ஆண்டு கலைச்சுப்போட்டினம். பொலிஸ் இருக்கு. கடலிலை காவல் போட் கொஞ்சம் இருக்கு. ஆமி இல்லை."

"பொய் சொல்லாதை."

"மதோன்னாவாணை, மாதாவாணை அம்மா."

அகஸ்ரீனா கதிரையில் உட்கார்ந்தாள். அவளுடைய ஐயா விடத்தல்தீவில் கடற்தொழில் செய்தவர். எந்த நேரம் போகலாம், எவ்வளவு தூரம் போகலாம், எப்போது திரும்ப வேண்டும் என்பதையெல்லாம் துவக்கு வைத்திருந்தவர்கள் சொன்னார்கள். சில வருடங்களில் போகவே கூடாது என்றார்கள். வள்ளம் கரையில் கிடந்து வெடித்தது. கடலைப் பார்த்தபடி கடலுக்குப் போகாமல் இருந்த அந்த மனுசனின் முகம் அவளுக்கு இப்போதும் நல்ல நினைவு. கரை என்று இருந்தால் சென்ரி இருக்கும் என்றுதான் அவள் இத்தனை காலமும் நினைத்திருந்தாள், கரை என்றால் மணல் இருக்கும் என்பது போல.

"ஆமி இல்லையெண்டோ இதை எடுத்தனி?" என்று கேட்டாள்.

மொனிகா பென்சிலை உருட்டினாள். சொல்லுவதா வேண்டாமா என்று யோசிப்பது தெரிந்தது.

"இல்லை. அது பிறகுதான் தெரியும். நான் எடுத்தது ஒரு சட்டத்துக்காண்டி." அட்டையில் கரையோரம் முழுவதும் மஞ்சளாகப் போட்டிருந்த ஒரு மெல்லிய கோட்டைத் தொட்டாள். "கடல் ஏறுற நேரம் எதுமட்டும் வருதோ, அதிலையிருந்து ஐம்பது மீற்றர் எல்லாருக்கும் சொந்தம். அளந்து கல்லு நட்டிருக்கினம். அதுக்குள்ளை ஒருத்தரும் வேலி போடேலாது. ஹோட்டல்காரரும் போடேலாது. சில பேர் போடப் பாக்கினம்தான். சனம் விடாது. அந்த ஐம்பது மீற்றரிலை ஆரும் ஆரையும் எழும்பு எண்டு சொல்லேலாது."

"இதிலை உனக்கென்ன?"

"போன ஓகஸ்ட் மொந்தெல்லோக் கடலுக்குக் குளிக்கப் போனனாங்களெல்லே, நான், கியாரா, மற்றப் பெட்டையள்."

"ஓம்."

"அங்கை உடுப்பு மாத்துற மரக் கூண்டுகள் வரிசையாய் நிக்கும், காசு கட்டினவைக்கு. நாங்கள் அதுக்கு முன்னாலை மணலிலை இருந்தனாங்கள். ஒருத்தரும் காசு கட்டேல்லை. காவல்காரன் வந்தான். என்னை மட்டும் பாத்து எழும்பச் சொன்னான். இது காசு குடுத்த சனத்தின்ரை இடம் எண்டான். கியாரா வாயே திறக்கேல்லை. அவைக்குப் பயம்." மொனிகா மூக்கை உறிஞ்சினாள். அழுகையில்லை, ஆத்திரம். "நான் எழும்பி, கரை முடியிற இடம் மட்டும் நடந்து போய்ப் பாறையிலை இருந்தனான். அவை குளிச்சு முடிஞ்சு வருமட்டும்."

சந்தையில் யாரோ ஒருவன் கூனைப்பூவும் மரக்கறியும் கூவி விற்கும் குரல் சன்னலால் வந்தது. அகஸ்ரீனா மகளைப் பார்த்தாள். எட்டு மாதமாக இதை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டு திரிந்திருக்கிறாள். அதற்கு மேலே தானும் ஒரு அடி கொடுத்திருக்கிறாள்.

"நீ எழும்பினியோ?"

"ஓம்."

"அடுத்தமுறை எழும்பாதை," என்றாள் அகஸ்ரீனா. குரல் அவளுக்கே புதிதாக இருந்தது. "உன்ரை அம்மா சொன்னவ, எழும்ப வேண்டாமெண்டு. விளங்கிச்சோ?"

அவள் கிழங்குச் சட்டியை இழுத்து வைத்துக்கொண்டு மேசையிலேயே உட்கார்ந்து உரித்தாள். மொனிகா ஒவ்வொரு ஊராகச் சொல்லிக்கொண்டே போனாள்.

தெசீனாக் கதை கோயில் வரைக்கும் போய்ச் சேர்ந்தது, எப்படியென்று தெரியாது. மே மாதத் தொடக்கத்தில் தமிழ்ப் பூசை முடிந்து சனம் படியில் இறங்கும்போது செல்வராசா மொனிகாவோடு வந்த அகஸ்ரீனாவை மறித்தார். போராட்டங்களுக்குச் சனத்தைக் கூட்டுவதும், இறந்தவர்களின் பெயர் வாசிப்பதும், இத்தாலி மொழியில் பேச்சு எழுதுவதும் அவர்தான். உழைப்பாளி. ஆனால் தன் சொல்லுக்கு மேல் சொல் இருக்கக்கூடாது என்ற எண்ணம் கொஞ்சம் உண்டு.

"என்ன தங்கச்சி, பிள்ளை எங்கையோ ஒரு நாட்டின்ரை கடற்கரையைப் பற்றிக் கதைக்கப் போறாளாம். மெய்யோ?"

"ஓம் அண்ணை."

"அங்கை சனம் கொத்துக் கொத்தாய்ச் சாகுது. இஞ்சை எங்கடை பிள்ளையளுக்கு வாய் திறக்க ஒரு சந்தர்ப்பம் கிடைக்குது. அதையும் ஆமைக்கும் அலைக்கும் குடுக்கிறதோ? பிள்ளைக்கு மானம் ரோசம் ஒண்டும் இல்லையோ?"

சனம் நின்று பார்த்தது. மார்ச் மாதத்தில் இதே கேள்வியைத்தான் அகஸ்ரீனாவும் கேட்டாள். ஆனால் வேறொருவர் வாயிலிருந்து வரும்போது அது எவ்வளவு அநியாயம் என்று இப்போது தெரிந்தது.

"அண்ணை, பொலிதேயாமாவிலை மழை பெய்யேக்கை நீங்கள் எங்கை நிண்டனியள்?"

"அது... படிக்குக் கீழை..."

"நானும் படிக்குக் கீழைதான். என்ரை பிள்ளை மழைக்கை நிண்டவள். எழுத்துக் கரைஞ்ச அட்டையை இறக்காமல் பிடிச்சுக்கொண்டு நிண்டவள். மானத்தைப் பற்றி அவளிட்டைக் கேக்கிறதெண்டால் முதல் நனைஞ்சுபோட்டு வந்து கேளுங்கோ." மூச்சு வாங்கியது. "போராட்டத்துக்குக் கூப்பிடுங்கோ, வருவாள். சோதனை அவளின்ரை. அதிலை கை வையாதையுங்கோ."

கூட்டத்திலிருந்து ஒரு மனுசி மட்டும், "அதுவும் சரிதானே," என்றாள். அகஸ்ரீனா மொனிகாவின் கையைப் பிடித்துக்கொண்டு படியிறங்கினாள்.

பிறகு அந்த மே மாதம் எப்படி முடிந்தது என்பது எல்லாருக்கும் தெரியும். தொலைக்காட்சியில் ஆமிக்கு வெற்றி என்று சொன்னார்கள். பலெர்மோவில் தமிழ் வீடுகள் வாய் மூடிக் கிடந்தன. ஜூன் முதல் கிழமையில் மன்னார்ப் பங்குச் சுவாமி ஒருவர் மூலம் செய்தி வந்தது. எமிலியானாவும் பிள்ளையும் உயிரோடு செட்டிக்குளம் அகதி முகாமில் இருக்கிறார்கள். விமலராஜ் இல்லை. கடைசி நாட்களில் தண்ணீர் எடுக்கப் போன இடத்தில் செல் குண்டு விழுந்தது.

அகஸ்ரீனா இரண்டு நாள் வேலைக்குப் போகவில்லை. மூன்றாம் நாள் மொனிகா கட்டிலோரத்தில் வந்து குந்தினாள்.

"அம்மா, இன்னும் நேரம் இருக்கு. நான் மாத்துறன். ஸ்ரீலங்காவையே கதைக்கிறன். சித்தப்பாவைப் பற்றிச் சொல்லுறன்."

அகஸ்ரீனா எழும்பி உட்கார்ந்தாள். இதைத்தான் தான் கேட்டது. இதற்காகத்தான் அடித்தது. இப்போது பிள்ளை தானாகக் கொண்டுவந்து கையில் வைக்கிறாள்.

"வேண்டாம்," என்றாள்.

"ஏன்?"

"அவை கொஞ்ச நேரம் அழுவினம். மூக்கைத் துடைப்பினம். பிறகு அடுத்த பிள்ளையைக் கூப்பிடுவினம். விமலராஜை அதுக்கு நான் குடுக்க மாட்டன். நீ உன்ரை கரையைச் சொல்லு. ஒரு ஊரும் விடாமல் சொல்லு."

வாய்மொழிச் சோதனை நாள் ஜூன் கடைசியில் வந்தது. பெற்றோரும் இருந்து பார்க்கலாம். லிபெர்த்தாவில் சிஞ்ஞோராவின் மகள் போனில் சினந்தாள். "இந்த மாதம் ஏற்கனவே இரண்டு நாள் வேலைக்கு வராமல் நின்றாய்," என்றாள். "ஓம், இன்றைக்கும் நிற்கிறேன்," என்று அகஸ்ரீனா சொன்னாள். இத்தனை வருடத்தில் அப்படி ஒரு பதிலை அந்த வீட்டுக்கு அவள் சொன்னதே இல்லை. வலன்ரைன் இரவு வேலை முடிந்து கண் சிவக்க வந்து, இஸ்திரி போட்ட சேட்டோடு பின்வரிசையில் உட்கார்ந்தார்.

மேசையின் நடுவில் வேறு பள்ளியிலிருந்து வந்த சோதனைக் குழுத் தலைவர் இருந்தார், நரைத்த மீசைக்காரர். ஓரத்தில் லா மந்தியா ரீச்சர். மொனிகா அட்டையைச் சுவரில் ஒட்டிவிட்டுப் பேசத் தொடங்கினாள். முதல் சில வசனங்களில் குரல் தடுக்கியது. பிறகு கரையைப் பிடித்துக்கொண்டாள். வடக்கே காய்ந்த மலைகளிலிருந்து தெற்கே மழைக்காடு வரைக்கும் கீழிறங்கினாள். கடலடியில் ஒரு நிலத்தட்டு இன்னொரு தட்டுக்குக் கீழே போவதால் நிலம் நடுங்குவதைச் சொன்னாள். தமரிந்தோவைச் சொன்னாள், ஒஸ்தியோனாலைச் சொன்னாள். ஆமைகள் முட்டை இடும் முதல் நாட்களில் ஊர்ச்சனம் மட்டும் சட்டப்படி முட்டை எடுக்கலாம், அதற்குப் பதிலாக மிச்ச முட்டைகளையும் குஞ்சுகளையும் அவர்களே காவல் காக்க வேண்டும் என்றாள். ஐம்பது மீற்றருக்கு வந்தபோது குரலை உயர்த்தினாள்.

"எங்கள் நகரத்திலும் கடற்கரை இருக்கிறது," என்றாள். "அங்கே என்னை எழும்பச் சொன்னார்கள். அந்தக் கரையில் அப்படிச் சொல்ல முடியாது. அதனால்தான் இதைப் படித்தேன்."

தலைவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"நன்றாக இருக்கிறது. ஆனால் நீ ஸ்ரீலங்காவைச் சேர்ந்தவள் அல்லவா? அங்கே இப்போதுதான் போர் முடிந்திருக்கிறது. அதைப் பற்றி எங்களுக்குக் கொஞ்சம் சொல்லேன்."

லா மந்தியா ரீச்சர் நம்பிக்கையோடு முன்னால் சாய்ந்தார்.

"நான் அல்பெர்கேரியாவைச் சேர்ந்தவள்," என்றாள் மொனிகா. "ஸ்ரீலங்கா என் அம்மாவுடையது. அதோ, பின்வரிசையில் இருக்கிறார். அதை எப்போது சொல்வது என்று அவர்தான் தீர்மானிப்பார்."

எல்லாத் தலைகளும் பின்வரிசைக்குத் திரும்பின. அகஸ்ரீனா எழும்பினாள். அவளுடைய இத்தாலி மொழி சமையலறை இத்தாலி, சந்தை இத்தாலி. அதை வைத்தே சொன்னாள்:

"ஐயா, எனக்குச் சொல்ல நிறைய இருக்கிறது. நீங்கள் ஒருநாள் முழுக்க இருந்து கேட்பதென்றால் வந்து சொல்கிறேன். இன்றைக்கு என் பிள்ளையின் சோதனை. தயவுசெய்து அந்தக் கடலைப் பற்றிக் கேளுங்கள்."

தலைவருக்கு முகம் சிவந்தது. கண்ணாடியைத் திரும்ப மாட்டினார். கடலைப் பற்றியே கேட்டார். அந்த நாட்டின் ஏற்றுமதிகளையும் கேட்டார். கடைசியாகக் கணக்கு ஆசிரியர் ஒரு கேள்வி கேட்க, மொனிகா அதில் பிழைவிட்டாள். விஞ்ஞானத்திலும் ஒன்றில் தடுமாறினாள். சோதனை முடிந்தது.

பெறுபேற்றை வாசல் கண்ணாடியில் ஒட்டியிருந்தார்கள். ஏழு. லா மந்தியா ரீச்சர் தோளில் கை வைத்து, உண்மையான வருத்தத்தோடு சொன்னார்: "மற்றதைப் பேசியிருந்தால் ஒன்பது, சிஞ்ஞோரா."

"தெரியும் ரீச்சர்," என்றாள் அகஸ்ரீனா. "ஏழு போதும்."

மொனிகாவுக்கு ஏழு கொஞ்சம் சுட்டதுதான். வீட்டுக்குப் போகும் வழி முழுக்க, கணக்குக் கேள்வியைத் தான் எப்படிச் சரியாகச் செய்திருக்கலாம் என்று முணுமுணுத்துக்கொண்டே வந்தாள்.

அந்தக் கிழமையே எமிலியானாவின் முதல் அழைப்பு வந்தது. முகாமில் யாரோ ஒளித்து வைத்திருந்த போன். ஆளுக்குக் கொஞ்ச நேரம். அக்காவும் தங்கச்சியும் முதலில் அழுதார்கள். பிறகு பிள்ளைக்குச் சாப்பாடு கிடைக்கிறதா, தண்ணீர் கிடைக்கிறதா என்று அகஸ்ரீனா கேட்டாள். எமிலியானா எல்லாவற்றுக்கும் ஓம் என்றாள். அந்த ஓமை நம்ப முடியவில்லை.

"மொனிகா என்ன செய்யிறாள்? சோதனையெண்டு சுவாமி சொன்னவர்."

"முடிஞ்சுது. பாஸ். ஒரு கடலைப் பற்றிக் கதைச்சவள்."

"எந்தக் கடலைப் பற்றி? எங்கடையோ?"

"இல்லையடி. பசிபிக். உலகத்துக்கு அங்காலை."

"இஞ்சை சுத்திவர முள்ளுக்கம்பியும் புழுதியும்தான், அக்கா. கடலின்ரை மணமே இல்லை," என்றாள் எமிலியானா. "பிள்ளையிட்டைப் போனைக் குடு. எனக்கும் சொல்லட்டும்."

மொனிகா போனை வாங்கினாள். முழு விடயத்தையும் இத்தாலி மொழியில் படித்தவள், தமிழில் தொடங்கத் தெரியாமல் திணறினாள். "சித்தி, அங்கை ஒரு ஊர், பேர் புளி..." என்றாள். சொல் வராத இடத்தில் தாயைப் பார்த்தாள். தாய் எடுத்துக்கொடுத்தாள். பவளப்பாறை என்று அம்மா சொல்ல, இவள் போனுக்குள் சொன்னாள். திட்டி என்று அம்மா சொல்ல, இவள் சொன்னாள். ஆமி இல்லாததையும் சொன்னாள். அந்தப் பக்கம் சித்தி ஏதோ குறுக்கே கேட்டது அகஸ்ரீனாவுக்குக் கேட்கவில்லை. மொனிகா போனைக் கையால் பொத்திக்கொண்டு திரும்பினாள்.

"அம்மா, அங்கை மீன் என்ன விலையெண்டு சித்தி கேக்கிறா. எனக்குத் தெரியாது."

"தெரியாதெண்டு சொல்லு," என்றாள் அகஸ்ரீனா. "போய்ப் பாத்துப்போட்டுச் சொல்லுறன் எண்டு சொல்லு."